தாழ் எந்தப் பக்கம்

ஆஸ்டின் டவுன், பெங்களூரு
8 ஜூலை 2025

அன்புள்ள பிரிசில்லாவுக்கு,

நிக்கோல் எழுதுகிறேன். ஒன்பதாம் வகுப்பில் உன் பக்கத்தில் உட்கார்ந்திருந்த நிக்கோல். மறந்திருக்க மாட்டாய் என்று நினைக்கிறேன், மறந்திருந்தாலும் தப்பில்லை. நான் அதிகம் பேசினதில்லையே.

உன் காலேஜ் முகவரியைச் சர்ச்சில் உன் சித்தி மகள் லீனா கொடுத்தாள். உங்கள் வீட்டில் போன் அப்பா கையில்தான் இருக்குமாம். இது அவர் பார்க்கக் கூடாத விஷயம். அதனால்தான் கடிதம்.

நான் பள்ளிக்கூடம் விட்டு வீட்டில் இருந்தது உனக்குத் தெரியும். போன வருஷத்திலிருந்து ஹெர்பர்ட் அங்கிளின் ஓசைக்கட்டுக் கடைக்குப் போகிறேன். பஸ் ஹாரன், கிரைண்டர், மேல்வீட்டு டிவி என்று எது வீட்டுக்குள் வரக் கூடாதோ அதை ஜன்னலில் கட்டி நிறுத்துவது எங்கள் வேலை. அங்கிள் வாடிக்கையாளரோடு பேசுவார். நான் டம்ளரைப் பிடித்துக்கொண்டு நிற்பேன். மெல்லிசான கட்டெல்லாம் என்னுடையது. சின்னக் குரலுக்கு இப்படி ஒரு வேலை இருக்கும் என்று பள்ளியில் யாரும் சொல்லவில்லை.

போன வாரம் ஒரு வேடிக்கை. சீனிவாசராகவன் என்று ஒரு ரிட்டயர்டு ஆபீசர். மாமி சமையலறையிலிருந்து கூப்பிட்டால் ஹாலில் அவருக்குக் கேட்பதே இல்லை. மேல்வீட்டுக்காரன் கட்டிவிட்டான் என்று போலீஸ் வரைக்கும் போகப் பார்த்தார். அங்கிள் சமையலறை நிலைப்படியில் டம்ளரை வைத்துச் சுண்டினார். வெளியிலிருந்து கட்டியிருந்தால் டம்ளர் கணீர் என்று திருப்பிச் சொல்லும். உள்ளேயிருந்து கட்டியிருந்தால் மொத்தென்று அமுங்கிவிடும். மொத்தென்றது. "சார், தாழ் ஹால் பக்கம்தான் போட்டிருக்கு" என்றார் அங்கிள். மாமி கரண்டியோடு வந்து, "அப்போ அந்த மேல்வீட்டுக்காரர் இங்க ஈஸிசேர்லதான் உட்கார்ந்திருக்கார்" என்றார். எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை.

சுற்றி வளைத்து எழுதுகிறேன் என்று எனக்கே தெரிகிறது. சொல்லிவிடுகிறேன்.

உன் குரல் போனதற்கு நான்தான் காரணம்.

2022 ஆகஸ்ட் 16. வீணா மிஸ் என்னை எழுந்து நின்று பாடம் வாசிக்கச் சொன்ன நாள். என் முறை வருவதற்குள் என் வாயை நானே கட்டிக்கொண்டுவிடலாம் என்று நினைத்தேன். டெஸ்க்குக் கீழே டிபன் பாக்ஸ் மூடியை நகத்தால் தட்டினேன், முனகினேன், ஊதினேன். என் வாய் அப்படியே இருந்தது. ஆனால் எனக்கு முன்னால் எழுந்து வாசிக்க ஆரம்பித்த உனக்கு, பாதி வரியில் குரல் நின்றுவிட்டது. எல்லாரும் ஓடி வந்தார்கள். என் கட்டு தவறி உன்மேல் விழுந்தது என்று எனக்கு உடனே புரிந்தது. பிறர் வாயைக் கட்டுவது எவ்வளவு பெரிய குற்றம் என்று நாலாம் வகுப்பிலிருந்து படிக்கிறோமே. பயத்தில் வாயைத் திறக்கவில்லை. மறுநாளிலிருந்து பள்ளிக்கும் போகவில்லை.

இப்போது ஏன் எழுதுகிறேன் என்றால், வாயில் போட்ட கட்டு மூன்று வருஷத்தில் காய்ந்துவிடும் என்று அங்கிள் யாரிடமோ சொல்லிக்கொண்டிருந்தார். அதற்கப்புறம் யார் வந்தாலும் அவிழாதாம். இன்னும் ஐந்து வாரம் இருக்கிறது. கட்டிய வாய்தான் அவிழ்க்க வேண்டும், எதிரில் நின்று. போனில் கட்டும் ஏறாது, அவிழ்ப்பும் ஏறாது. என்னை வரவிடுவாயா?

நீ போலீஸுக்குச் சொன்னாலும் சரி. அவிழ்த்த பிறகு சொல்.

உன் பழைய பெஞ்சுக்காரி,
நிக்கோல்


அத்திபெலே
14 ஜூலை 2025

அடியே நிக்கோல்,

உன் கடிதத்தை எங்கள் காலேஜ் கிளார்க் எல்லார் முன்னாடியும் தூக்கிக் காட்டி, "யாரும்மா அது, லவ் லெட்டரா?" என்று கேட்டார். வாய் பேச முடியாததில் எத்தனை வசதி பார். முறைத்துவிட்டு வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

உன்மேல் எனக்குக் கோபம் இல்லை. முதலில் இதை நம்பு. போலீஸ் கீலீஸ் என்று உளறாதே. உனக்கு டெஸ்க்குக் கீழே இருந்த தைரியம் டெஸ்க்குக்கு மேலே இருந்திருந்தால் நீ கிளாஸ் லீடர் ஆகியிருப்பாய்.

இங்கே எல்லாரும் சுகம். கோலார் தங்க வயலிலிருந்து ஃபிராங்க்ளின் சித்தப்பா எங்களோடு வந்துவிட்டார். அவரைப் பற்றி நேரில் பார்த்துத் தெரிந்துகொள். நான் பியூசி இரண்டாம் வருஷம். வாத்தியார்கள் என்னிடம் கேள்வியே கேட்பதில்லை, அது ஒரு சுகம். பேச வேண்டியதை ஒரு சின்ன சிலேட்டில் எழுதிக் காட்டுகிறேன். அத்திபெலே மார்க்கெட்டில் தக்காளிக்காரர் என் சிலேட்டை வாங்கி அதிலேயே விலை எழுதித் தருகிறார். அவருக்குப் பேச்சு நன்றாகவே வரும்.

20ஆம் தேதி ஞாயிற்றுக்கிழமை வா. அப்பாவுக்கு ஹெப்பகோடியில் பகல் ஷிப்ட். அம்மா பூசை முடிந்து ஜெபக்கூட்டத்துக்குப் போய்விடுவாள். நீ மீன் சாப்பிடுவாய்தானே?

மூன்று வருஷமாக என்னைப் பார்க்க யாரும் வரவில்லை, நிக்கோல். கட்டாயம் வா.

பிரிசில்லா


ஆஸ்டின் டவுன்
22 ஜூலை 2025

அன்புள்ள பிரிசில்லா,

பத்திரமாக வந்து சேர்ந்தேன். உன் அம்மா ஜெபக்கூட்டத்துக்குப் போகுமுன் கட்டி வைத்த மீனை மம்மி ருசித்துச் சாப்பிட்டாள்.

உன் சித்தப்பா இன்னும் என் கண்ணிலேயே நிற்கிறார். கட்டிலில் உட்கார்ந்து அந்த ஒரே சுரத்தை முனகிக்கொண்டே இருந்தார். வணக்கம் சொன்னேன், அதே சுரம். சாப்பிட்டாரா என்று கேட்டேன், அதே சுரம். தண்ணீர்ச் சுரங்கத்தில் மாற்றாள் வராமல் பதினோரு மணி நேரம் தனியாகப் பாறையைக் குரலால் தாங்கினார், அன்றிலிருந்து வேறு ஒலியே வருவதில்லை என்று நீ சிலேட்டில் எழுதினாய். எழுதிவிட்டு உடனே அழித்தாய். அவர் முனகிக்கொண்டிருந்த வரைக்கும் உங்கள் ஓட்டுக் கூரையிலிருந்து ஒரு தூசிகூட விழவில்லை. அதைக் கவனித்தேன்.

அவிழ்ப்பைப் பற்றி எழுத வேண்டும். நாற்பது தடவை வீட்டில் பழகிவிட்டு வந்தேன். உன்னைக் கண்ணை மூடிக்கொள்ளச் சொன்னது, நீ பார்த்தால் எனக்கு முனகல் வராது என்பதால்தான். தலைகீழாக எல்லாம் சரியாகத்தான் செய்தேன். ஊதினேன், முனகினேன், உன் தொண்டைப் பக்கத்தில் டம்ளரைத் தட்டினேன். ஒன்றும் ஆகவில்லை. மூன்று தடவையும் ஒன்றும் ஆகவில்லை. நான் அழுதேன், நீ ரஸ்னா கலந்து கொடுத்தாய். பக்கத்து வீட்டு அக்கா எட்டிப் பார்த்து, "ஏன்டி, வந்த பொண்ணை இப்படி அழ வெச்சிருக்கே?" என்று உன்னைத் திட்டினார்கள்.

பஸ் பொம்மசந்திரா தாண்டும்போதுதான் எனக்கு உறைத்தது. உன் தொண்டையில் டம்ளர் கணீர் என்று சொல்லவில்லை. மூன்று தடவையும் மொத்தென்றது. தினமும் கடையில் கேட்கிற சத்தம். அழுகையில் காதில் விழவில்லை போலிருக்கிறது.

பிரிசில்லா, உன் கட்டின் தாழ் உள்பக்கம் இருக்கிறது. வெளியே உட்கார்ந்திருந்த நான் அங்கே தாழ் போட்டிருக்க முடியாது.

எனக்குப் புரிகிற மாதிரி எழுது.

நிக்கோல்


ஆஸ்டின் டவுன்
30 ஜூலை 2025

பிரிசில்லாவுக்கு,

எட்டு நாளாகப் பதில் இல்லை. போஸ்ட்மேன் என்னைக் கண்டால் தூரத்திலேயே கையை விரிக்கிறார்.

கடையில் ஜன்னல் கட்டும்போது இரண்டு தடவை தப்புச் செய்துவிட்டேன். ஒரு வீட்டில் ஹாரனை வெளியே நிறுத்துவதற்குப் பதிலாக உள்ளே பூட்டிவிட்டேன். அந்த வீட்டு டாக்டரம்மா காலையில் பல் தேய்க்கும்போது லாரி ஹாரன் கேட்டு பிரஷ்ஷை விழுங்கப் பார்த்தார்களாம். அங்கிள், "உனக்கு என்னம்மா ஆச்சு, மனசு எங்க இருக்கு?" என்கிறார்.

எனக்கு ஒரு வார்த்தை போதும். நான் செய்தேனா, இல்லையா?

நிக்கோல்


அத்திபெலே
3 ஆகஸ்ட் 2025

நிக்கோல்,

நீ செய்யவில்லை.

இந்த ஒரு வரியை எழுத எனக்கு மூன்று தாள் கிழிந்தது. இப்போது மீதியையும் சொல்கிறேன்.

அன்று காலையில் அப்பா என்னைச் சுரங்கக் கம்பெனியின் பயிற்சிப் பாரத்தில் கையெழுத்துப் போடச் சொன்னார். பதினாறு வயதானதும் சேர்த்துக்கொள்வார்கள். எங்கள் வீட்டில் தாத்தா சுரங்கத்தில் குரலால் பாறை தாங்குகிற தாங்கி, சித்தப்பாவும் தாங்கி. அடுத்தது என் குரல் என்று நான் சர்ச்சில் முதல் பாட்டுப் பாடின நாளிலேயே எல்லாரும் முடிவு செய்துவிட்டார்கள். சித்தப்பாவுக்கு அப்படி ஆகி அப்போது இரண்டு மாதம். ஆஸ்பத்திரியில் அவரைப் பார்த்துவிட்டு வந்துதான் அப்பா அந்தப் பாரத்தை நீட்டினார். "உனக்கு அவனவிட பலமான தொண்டை" என்றார். பெருமையாகத்தான் சொன்னார்.

வகுப்பில் நீ டெஸ்க்குக் கீழே மூடியைத் தட்டுவதைப் பார்த்தேன். நீ என்ன செய்யப் பார்க்கிறாய் என்று எனக்குப் புரிந்தது. உன் கட்டு விழவே இல்லை, பைத்தியமே. ஊதுகிற நேரத்தில் வீணா மிஸ் திரும்பினதும் நீ பயந்து மூச்சை விழுங்கிவிட்டாய். ஆனால் அதைப் பார்த்த பிறகுதான், இப்படியும் செய்யலாமே என்று எனக்குத் தோன்றியது. எழுந்து நின்று இரண்டு வரி வாசித்தேன். புத்தகத்துக்குப் பின்னால் ஜாமெட்ரி பாக்ஸைத் தட்டினேன். என் கட்டு சரியாக விழுந்தது. நான்தான் எதையும் சத்தமாகச் செய்கிறவள் ஆயிற்றே.

நீ பள்ளிக்கு வராததற்கு உங்கள் டாடியின் உடம்பு காரணம் என்று சொன்னார்கள், நம்பினேன். உன் முதல் கடிதம் வரும்வரை நீ உன்னைக் குற்றவாளி என்று நினைத்திருப்பது எனக்குத் தெரியாது. சத்தியம்.

ஆனால் அதைப் படித்த பிறகும் நான் சொல்லவில்லை. அதுதான் என் தப்பு. சொன்னால் நீ வர மாட்டாய் என்று நினைத்தேன். நீ வந்து, என் எதிரில் உட்கார்ந்து, எனக்காக வாயைத் திறப்பதைப் பார்க்க ஆசைப்பட்டேன். நீ அழுதபோதாவது சிலேட்டை எடுத்திருக்க வேண்டும். எடுக்கவில்லை.

திட்டி எழுது. எழுதாமல் மட்டும் இருக்காதே.

பிரிசில்லா


ஆஸ்டின் டவுன்
7 ஆகஸ்ட் 2025

பிரிசில்லாவுக்கு,

உன் கடிதத்தைக் கடைக்குப் பின்னால் டம்ளர் கழுவுகிற இடத்தில் நின்று படித்தேன். படித்துவிட்டு டம்ளரையெல்லாம் மறுபடியும் கழுவினேன். சுத்தமாக இருந்ததையும் கழுவினேன்.

திட்டச் சொன்னாய். திட்டுகிறேன். நான் உன் வீட்டில் அழுதது உன் ரஸ்னாவுக்காக இல்லை. மூன்று வருஷம் கோயில் மணி அடிக்கும்போதெல்லாம் என் காதில் உன் பாதி வரிதான் கேட்டது. மணி அடித்து மழையை அரை மணி நேரம் தள்ளி வைப்பார்களே, அந்த அரை மணியும் நான் குனிந்தபடி உட்கார்ந்திருப்பேன். பாவசங்கீர்த்தனத்தில்கூட சொல்லவில்லை. ஃபாதருக்குக் கேட்கிற மாதிரி என்னால் பேச முடியாது என்று சாக்கு வைத்துக்கொண்டேன். நீ அதை ஒரு வரியில் முடித்திருக்கலாம். ஒரு தபால் கார்டு போதும்.

திட்டி முடித்துவிட்டேன். இவ்வளவுதான் எனக்கு வருகிறது.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். அன்று மத்தியானம் மம்மி வைத்த குழம்புக்கு மூன்று தடவை சோறு வாங்கிச் சாப்பிட்டேன். "என்னடி, காய்ச்சல் விட்ட மாதிரி சாப்பிடறே?" என்று மம்மி கேட்டாள். காய்ச்சல் விட்ட மாதிரியேதான் இருந்தது. நான் செய்யவில்லை. தெருவில் நடக்கும்போது இதை மனசுக்குள் சொல்லிக்கொண்டே நடந்தேன். நான் செய்யவில்லை, நான் செய்யவில்லை. எதிரில் வந்த ஆட்டோக்காரர் வழிவிட்டார்.

இனி உன் விஷயம். அங்கிளிடம் பேர் சொல்லாமல் கேட்டேன். உள்தாழ் கட்டு காய்ந்தால் இன்னும் மோசமாம். வெளிக்கட்டாவது ஒரு தழும்போடு நிற்கும். உள்கட்டு தொண்டையோடு ஒட்டிக்கொள்ளும், போட்டவராலும் திறக்க முடியாது. பதினாறாம் தேதி சனிக்கிழமை. இன்னும் ஒன்பது நாள்.

நீ பாட வேண்டாம். சுரங்கத்துக்கும் போக வேண்டாம். ஆனால் போக மாட்டேன் என்று சொல்வதற்கு ஒரு வாய் வேண்டுமே. இதை நான் சொல்வது உனக்குச் சிரிப்பாக இருக்கும். நான் யாருக்கும் எதையும் சத்தமாகச் சொன்னதில்லை, அதனால்தான் சொல்கிறேன். சொல்லாமல் விட்டால் எத்தனை வருஷம் போகும் என்று எனக்குத் தெரியும்.

திற, பிரிசில்லா. அப்பாவிடம் சொல்லிவிட்டுத் திற, இல்லையென்றால் திறந்துவிட்டுச் சொல். எது சுலபமோ அது.

உன் பெஞ்சுக்காரி,
நிக்கோல்


அத்திபெலே
13 ஆகஸ்ட் 2025

என் அருமை நிக்கோல்,

திறந்துவிட்டேன். நேற்று மத்தியானம்.

வரிசையாகச் சொல்கிறேன், இல்லாவிட்டால் நீ பதறுவாய். அப்பாவுக்கு நேற்று லீவு. எல்லாரும் சாப்பிட உட்கார்ந்திருந்தோம். நோட்டில் எல்லாவற்றையும் எழுதி அவர் தட்டுப் பக்கத்தில் வைத்தேன். விரலை வைத்து வரி வரியாகப் படித்தார். "யாரு கட்டுனது?" என்றார், அதில் எழுதியிருந்தும். என்னை நானே தொட்டுக் காட்டினேன்.

எழுந்து வெளியே போய் ஸ்கூட்டரில் உட்கார்ந்துகொண்டார். ஓட்டவில்லை, சும்மா உட்கார்ந்திருந்தார். அம்மா, "சோறு ஆறுது" என்று இரண்டு தடவை கூப்பிட்டாள். திரும்பி வந்தவர் கண் சிவந்திருந்தது.

"மூணு வருஷமா ஒவ்வொரு டாக்டர் வாசல்லயும் செருப்பக் கழட்டுனேன்டி, பாவி. என்னைப் பாத்தா அவ்வளவு பயமா உனக்கு?"

சிலேட்டில் 'சுரங்கத்தைப் பார்த்து' என்று எழுதினேன்.

சிலேட்டைப் படித்தார். அப்புறம் சித்தப்பாவைப் பார்த்தார். "அப்போ திற. உன்னத் திட்டணும்னாலும் நீ எதுத்துப் பேசுனாத்தானே திட்ட முடியும்" என்றார்.

டம்ளரை எடுத்தேன். ஊதினேன், உள்ளுக்குள் முனகினேன், தட்டினேன். முதலில் ஒன்றும் இல்லை. நீ என் எதிரில் அழுத மாதிரியே நானும் அழுதேன், உனக்கு இப்போது சந்தோஷமா? இரண்டாவது தடவை தொண்டைக்குள் ஏதோ நகர்ந்தது. இருமினேன், நம்ம பள்ளி வாட்ச்மேன் மாதிரி இருமினேன். அப்புறம் "தண்ணி" என்றேன்.

மூன்று வருஷத்தில் முதல் வார்த்தை தண்ணி. இன்னும் நல்லதாக ஏதாவது யோசித்து வைத்திருக்கலாம்.

அதைவிட அதிசயம், சித்தப்பா முனகலை நிறுத்திவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தார். நிறுத்தியதும் கூரையிலிருந்து ஒரு கை தூசி சாம்பாரில் விழுந்தது. "டேய் ஃபிராங்க்ளின், புடி புடி!" என்று அப்பா கத்தினார். சித்தப்பா மறுபடியும் ஆரம்பித்தார். ஆனால் சிரித்துக்கொண்டே முனகினார், அம்மா பார்த்தாள். நிறுத்த முடியும் என்று அவருக்கே அப்போதுதான் தெரிந்திருக்க வேண்டும். இன்று காலையில் வாசலில் நின்று இரண்டு நிமிடம் சும்மா இருந்தார். வீடு விழவில்லை.

என் குரல் பழைய குரல் இல்லை. தடித்துப் போய்விட்டது, மேலே ஏறவே மாட்டேன் என்கிறது. அப்பா கேட்டுவிட்டு, "இத வெச்சு ஒரு கோழிக்கூண்டக்கூட தாங்க முடியாது" என்றார். வருத்தமாகத்தான் சொன்னார், ஆனால் சொல்லிவிட்டு ஒரு பெருமூச்சு விட்டார் பார், அப்போதுதான் அவரும் பயந்துகொண்டிருந்தார் என்று எனக்குத் தெரிந்தது. அந்தப் பாரம் இப்போது மசாலா டப்பாக்களுக்கு அடியில் விரித்திருக்கிறது.

பாட்டுப் போனதில் கொஞ்சம் அழுகை வருகிறது. உனக்கு மட்டும் சொல்கிறேன்.

24ஆம் தேதி ஞாயிறு காலை பத்து மணிக்கு நான் ஆஸ்டின் டவுன் வருகிறேன். அப்பாவே பஸ் ஏற்றிவிடுகிறார். உங்கள் கடைக்கு எதிர்ப்பக்கத்தில் நின்று, ரோட்டைத் தாண்டிக் கேட்கிற மாதிரி உன் பேரைக் கூப்பிடுவேன். நீ "இருக்கேன்" என்று பதில் சொல்ல வேண்டும். வீணா மிஸ் அட்டெண்டன்ஸ் எடுக்கும்போது நீ ஒரு நாளும் சொன்னதில்லை, நான்தான் உனக்காகச் சொல்வேன், ஞாபகம் இருக்கிறதா? இந்தத் தடவை கையாட்டினால் செல்லாது. ரோட்டில் லாரி போனால் லாரியைவிடச் சத்தமாகச் சொல்.

உன்,
பிரிசில்லா


ஆஸ்டின் டவுன்
18 ஆகஸ்ட் 2025

பிரிசில்லா,

உன் கடிதம் பதினாறாம் தேதி சனிக்கிழமை வந்தது. அன்றைக்கே வந்ததுதான் எனக்கு வேடிக்கை. விடிந்ததிலிருந்து போஸ்ட்மேனுக்காக வாசலில் நின்றேன். அவர் இந்தத் தடவை கையை விரிக்கவில்லை.

மீன் மம்மி செய்வாள். லீனாவையும் வரச் சொல்லியிருக்கிறேன். ஹெர்பர்ட் அங்கிளுக்கு ஞாயிற்றுக்கிழமை கடை கிடையாது, ஆனால் சாவியைக் கேட்டு வாங்கிவிட்டேன். வாயால்தான் கேட்டேன். "சத்தமா சொல்லும்மா" என்றார், இரண்டாவது தடவை சத்தமாகச் சொன்னேன்.

நீ சொன்னதைப் பழகிப் பார்த்தேன். இன்று மத்தியானம் அங்கிள் சாப்பிடப் போனதும் கடை ஜன்னலை நன்றாகக் கட்டிவிட்டு, உள்ளே நின்று மூன்று தடவை "இருக்கேன்" என்றேன். யாருக்கும் கேட்கவில்லை. ஜன்னலில் டம்ளரை வைத்துச் சுண்டினேன். மொத்தென்றது. தாழ் என் பக்கம்தான்.

அவிழ்த்துவிட்டேன். ரோட்டுச் சத்தமெல்லாம் உள்ளே வந்தது. ஒரு பஸ் போய்க்கொண்டிருந்தது. அது போகட்டும் என்று காத்திருக்காமல் நாலாவது தடவை சொன்னேன்.

எதிர்ப்பக்கத்து பேக்கரிக்காரர் தலையை நீட்டி, "ஏனம்மா?" என்று கன்னடத்தில் என்னவென்று கேட்டார்.

ஒன்றுமில்லை அண்ணா என்று அவருக்கும் சத்தமாகவே சொன்னேன்.

பத்து மணிக்குக் கடைக்குள் இருப்பேன். ஜன்னல் திறந்திருக்கும்.

நிக்கோல்